மெய்யறிவைப் பொதுவாக்கிய ரசல்

வாழ்க்கையின் பயன் யாது? இன்பம் எதனால் விளைகிறது? உண்மையென்று நம்பப்படுவனவற்றுள் உண்மையாவன எத்துணை? மனித இனம் இவ்வுலகில் நிலைத்து வாழுமா? மனிதன் சிந்திக்கத் தொடங்கிய நாள்முதல் அவன் உள்ளத்தைத் தொடர்ந்துவரும் வினாக்கள் இவை. பண்டைக் கிரேக்க நாட்டில் சாக்ரடீஸ் என்னும் பெரியார், ஏதென்ஸ் நகரத்துக் கடைத்தெருவில் நின்று, வருவோர் போவோரிடமெல்லாம் இத்தகைய வினாக்களைத் தொடுத்தார். காலம் செல்லச் செல்ல, அவ்வினாக்கள் கடைத்தெருவை விட்டுக் கல்லூரி மண்டபங்களுக்குள் புகுந்தன. கற்றோர் கற்றோருக்காகவே எழுதும் நூல்களில் அடங்கிப் பொதுமக்களுக்கு எட்டாக் கனியாயின. இருபதாம் நூற்றாண்டில், வானொலியையும் தொலைக்காட்சியையும் துணையாகக் கொண்டு அவற்றை மீண்டும் மக்கள் நடுவே கொண்டுவந்த அறிஞருள் முன்னணியில் நின்றவர் பெர்ட்ரண்டு ரசல்.

ரசல் 1872 ஆம் ஆண்டு மே திங்கள் 18 ஆம் நாள் வேல்ஸ் நாட்டில், மன்மத்ஷயர் என்னும் பகுதியில் பிறந்தார். அவருடைய குடும்பம் ஆங்கில நாட்டின் புகழ் வாய்ந்த உயர்குடிகளுள் ஒன்று. அவருடைய பாட்டனார் ஜான் ரசல் பிரபு இருமுறை அந்நாட்டு முதலமைச்சராக விளங்கியவர். செல்வமும் சிறப்பும் நிறைந்த அக்குடியில் பிறந்த குழந்தைக்குப் பெற்றோரின் அன்பு நெடுநாள் கிட்டவில்லை. இரண்டு வயதில் தாயையும் தமக்கையையும் தொண்டை அடைப்பான் நோய்க்குப் பறிகொடுத்தார். நான்கு வயது நிரம்புமுன் தந்தையும் மறைந்தார். ரிச்மண்டு பூங்காவிலிருந்த பாட்டனாரின் மாளிகையே அவருக்கும் அவருடைய தமையனாருக்கும் புகலிடமாயிற்று. ஈராண்டுகளில் பாட்டனாரும் காலமானார். அதன்பின் பாட்டியாரே அவரை வளர்த்தார்.

பாட்டியார் சமயப் பற்றும் கண்டிப்பும் மிக்கவர். ஆயினும் அஞ்சா நெஞ்சினர். பலரும் செல்கின்றனர் என்பதற்காகத் தீய வழியில் ஒருவன் செல்லலாகாது என்பதைப் பேரனின் உள்ளத்தில் ஆழப் பதித்தவர் அவரே. அவ்வறிவுரை பிற்காலத்தில் ரசலுக்கு உற்ற துணையாயிற்று.

ரசல் பள்ளிக்கு அனுப்பப்படவில்லை. ஆசிரியர்கள் இல்லத்திற்கே வந்து கற்பித்தனர். ஒத்த வயதுடைய தோழர் இல்லாமையால் தனிமையே அவருடைய இளமையை ஆட்கொண்டது. பதினொரு வயதில் தமையனார் பிராங்க் அவருக்கு யூக்லிடின் வடிவகணிதத்தைக் கற்பிக்கத் தொடங்கினார். ஐயத்திற்கு இடமின்றி ஒவ்வொன்றையும் மெய்ப்பிக்கும் கல்வி அது என்று கேள்வியுற்றிருந்த சிறுவர் பெருமகிழ்ச்சியுடன் பாடத்திற்கு அமர்ந்தார். ஆனால், தொடக்கத்திலுள்ள சில அடிப்படை உண்மைகளை மெய்ப்பிக்க இயலாது, அவற்றை அப்படியே ஏற்றுக்கொள்ளல் வேண்டும் என்று தமையனார் கூறினார். மெய்ப்பிக்கப்படாத ஒன்றை ஏன் ஏற்க வேண்டும் என்று சிறுவர் வினவினார். ஏற்காவிடில் மேலே பாடம் நடவாது என்பதே அவருக்குக் கிடைத்த விடை. வேறு வழியின்றி அவர் உடன்பட்டார். எனினும் அந்த ஐயம் அவரை விட்டு அகலவில்லை.

வயது ஏற ஏற ஐயங்களும் பெருகின. இறைவன் உளனா, உயிர் அழியாததா, மனிதன் தன் விருப்பப்படி செயலாற்றும் உரிமை உடையவனா என்றெல்லாம் அவர் உள்ளம் அலைந்தது. அவற்றை வெளியிட்டால் பாட்டியாரின் மனம் புண்படும், மற்றவர் எள்ளி நகையாடுவர் என்று அவர் அஞ்சினார். ஆகவே, தம் எண்ணங்களைக் குறிப்பேடு ஒன்றில் கிரேக்க எழுத்துகளால் மறைத்து எழுதி, கிரேக்க மொழிப் பயிற்சி என்று அதற்குத் தலைப்பும் இட்டுவைத்தார். வாழ்வே வெறுத்துப்போன வேளைகளும் அவருக்கு உண்டு. கணிதத்தை மேலும் கற்க வேண்டும் என்னும் பேரவா ஒன்றே அந்நாளில் அவரை வாழ்வோடு பிணைத்து வைத்தது. பிறர் காணாவண்ணம் வினாக்களை மறைத்துவைத்த அவ்விளைஞரே, பிற்காலத்தில் அவற்றை உலகோர் அனைவரும் கேட்குமாறு எடுத்துரைத்தார்.

1890 ஆம் ஆண்டு ரசல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்து டிரினிடிக் கல்லூரியிற் சேர்ந்தார். கூடு திறந்த பறவைபோல் அவர் உள்ளம் விரிந்தது. அச்சமின்றிப் பேசவும், மறுத்துரைக்கவும், நகைத்து மகிழவும் ஏற்ற நண்பர்கள் அங்கே வாய்த்தனர். தமிழகம் ஈன்ற கணித மேதை இராமானுசன் 1914 ஆம் ஆண்டு சென்று சேர்ந்ததும் இக்கல்லூரியே. முந்திய ஆண்டில் இராமானுசனின் மடல் கண்டு கணிதப் பேராசிரியர் ஹார்டியும் லிட்டில்வுட்டும் அடைந்த பெருவியப்பை நேரிற் கண்டவருள் ரசலும் ஒருவர்.

கணிதத்தின் அடிப்படை உண்மைகளைத் தருக்க நெறியால் மெய்ப்பிக்க இயலுமா என்னும் ஆராய்ச்சியில் ரசல் இறங்கினார். பதினொரு வயதில் எழுந்த ஐயத்திற்கு அவரே விடை காண முயன்றார் எனலாம். தம் ஆசிரியராகிய ஒயிட்ஹெட் என்பாருடன் கூடிப் பல்லாண்டுகள் இடையறாது உழைத்து, ‘பிரின்சிப்பியா மேதமேட்டிகா’ என்னும் பெருநூலை 1910 முதல் 1913 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்டார். ஒன்றும் ஒன்றும் இரண்டு என்னும் முடிவை மெய்ப்பிக்கும் நிலையை அடையவே அந்நூலில் முந்நூறு பக்கங்களுக்கு மேல் கடக்க வேண்டும். அதனை அச்சிட்டால் அறுநூறு பவுன் இழப்பு நேரும் எனப் பல்கலைக்கழக அச்சகத்தார் கணக்கிட்டனர். அவ்விழப்பில் ஒரு பகுதியை அச்சகமும் மற்றொரு பகுதியை ராயல் கழகமும் ஏற்றன. எஞ்சிய நூறு பவுனை நூலாசிரியர் இருவரும் ஆளுக்குப் பாதியாகத் தம் கைப்பொருளிலிருந்து கொடுத்தனர். பல்லாண்டு உழைப்பிற்கு அவர்கள் பெற்ற ஊதியம் அந்த இழப்பே! அறிஞர் உலகம் அந்நூலைப் போற்றியது. ஆனால் அதனை முழுவதும் படித்தோர் மிகச் சிலரே.

ஒரு சிலரே அறியக்கூடிய நூலை எழுதிய அக்கையே, எல்லோரும் அறியக்கூடிய நூலையும் எழுதிற்று. 1912 ஆம் ஆண்டு ரசல் ‘தத்துவச் சிக்கல்கள்’ என்னும் சிறு நூலைப் பொதுமக்களுக்காக வெளியிட்டார். கண்ணெதிரே காணும் மேசை உண்மையில் எத்தகையது என்பது போன்ற எளிய வினாக்களில் தொடங்கி, அறிவின் எல்லை வரை அது படிப்பவரை அழைத்துச் செல்லும். ஆழ்ந்த கருத்தையும் தெளிந்த மொழியில் கூற இயலும் என்பதற்கு அந்நூல் சான்றாயிற்று.

1914 ஆம் ஆண்டு முதல் உலகப் பெரும்போர் மூண்டது. போர் தொடங்கிய செய்தி கேட்டு ஆங்கில மக்கள் தெருக்களில் ஆரவாரித்தனர். அது கண்டு ரசல் திடுக்கிட்டார். கணித ஆராய்ச்சியை ஒருபுறம் வைத்துவிட்டு, போரை எதிர்த்துப் பேசவும் எழுதவும் முற்பட்டார். 1916 ஆம் ஆண்டு அவர் எழுதிய துண்டு வெளியீட்டிற்காக நீதிமன்றம் நூறு பவுன் தண்டம் விதித்தது. அவர் அதனைச் செலுத்த மறுக்கவே, அவருடைய நூல்கள் பறிமுதல் செய்யப்பட்டு ஏலத்திற்கு வந்தன. நண்பர்கள் அவற்றை மீட்டனர். டிரினிடிக் கல்லூரி அவரை விரிவுரையாளர் பதவியினின்றும் நீக்கியது. 1918 ஆம் ஆண்டு வேறொரு கட்டுரைக்காக ஆறு திங்கள் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. லண்டனிலுள்ள பிரிக்ஸ்டன் சிறையிலும் அவர் வாளா இருந்தாரல்லர். கணிதத் தத்துவத்திற்கு ஒரு முன்னுரை நூலை அங்கேயே எழுதி முடித்தார். பதவி போயிற்று, பழைய நண்பர் பலர் முகம் திருப்பினர். ஆயினும், பலர் செல்லும் தீ நெறியை விலக்க வேண்டும் என்னும் பாட்டியாரின் அறிவுரை அவரிடம் நிலைபெற்றிருந்தது.

அதன்பின் நெடுங்காலம் எழுதியும் சொற்பொழிவாற்றியுமே ரசல் வாழ்க்கை நடத்தினார். கல்வி, திருமணம், இன்பம், ஆட்சி, சமயம் ஆகியவை பற்றி அவர் வெளியிட்ட கருத்துகள் பலருக்கு விருப்பாகவும் பலருக்கு வெறுப்பாகவும் இருந்தன. 1940 ஆம் ஆண்டு நியூயார்க் நகரக் கல்லூரி அவரைப் பேராசிரியராக அமர்த்தியது. அவருடைய கருத்துகள் இளைஞரைக் கெடுக்கும் என்று சிலர் கூக்குரலிட்டனர். வழக்கு நீதிமன்றம் சென்றது, பதவி நீக்கப்பட்டது. இளைஞரைக் கெடுத்தார் என்று ஏதென்ஸ் நகரத்தார் சாக்ரடீஸ்மீது சாட்டிய குற்றத்தையே இந்நிகழ்ச்சி நினைவூட்டுகிறது. போர்க்காலத்தில், மனைவி மக்களுடன் அயல்நாட்டில், வருவாயின்றி அவர் தவித்தார். அந்நிலையில் ஓர் அறநிலையம் அவருக்குச் சொற்பொழிவாற்றும் பணியளித்தது. அச்சொற்பொழிவுகளின் அடிப்படையில் எழுந்து 1945 இல் வெளிவந்த ‘மேனாட்டுத் தத்துவ வரலாறு’ அவருக்குப் பெரும்புகழும் பொருளும் ஈட்டித் தந்தது. 1944 ஆம் ஆண்டு, முன்பு அவரை விலக்கிய டிரினிடிக் கல்லூரிக்கே அவர் மீண்டும் ஆசிரியராகத் திரும்பினார்.

அக்காலத்தில் ஆங்கில நாட்டில் வானொலி இல்லந்தோறும் பரவியிருந்தது. ரசல் அதன் ஆற்றலை நன்கு உணர்ந்தார். 1948 ஆம் ஆண்டு சனவரியில், இறைவன் உளன் என்பதை மெய்ப்பிக்க இயலுமா என்னும் பொருள்பற்றி அவரும், காப்பிள்சுடன் என்னும் கத்தோலிக்கத் துறவியாரும் பி.பி.சி. வானொலியில் சொற்போர் நிகழ்த்தினர். இருவர் கொள்கையும் வெவ்வேறு. எனினும் ஒருவர் பேச்சை ஒருவர் பொறுமையுடன் கேட்டு, ஏதுக்களை எடுத்துக்காட்டி வாதிட்டனர். அவ்வாண்டு அக்டோபரில் நார்வே நாட்டிற்குச் சொற்பொழிவாற்றச் சென்றபோது, அவர் ஏறிச்சென்ற கடல்விமானம் நீரில் கவிழ்ந்தது. 19 பேர் மாண்டனர். 76 வயதான ரசல், மேலங்கியுடன் குளிர்ந்த கடலில் நீந்தி உயிர் பிழைத்தார். அவ்வாண்டின் இறுதியில் பி.பி.சி. தொடங்கிய ரீத் சொற்பொழிவுத் தொடரை முதன்முதல் நிகழ்த்தும் பெருமை அவருக்கே கிடைத்தது. அரசின் அதிகாரமும் தனிமனிதன் உரிமையும் எவ்வாறு இயைந்து நிற்றல் கூடும் என்பதை ஆறு சொற்பொழிவுகளில் அவர் விளக்கினார். 1950 ஆம் ஆண்டு இலக்கியத்திற்கான நோபல் பரிசு அவரை நாடி வந்தது.

இதற்கிடையில், பழைய வினாக்களுள் ஒன்று புதிய வடிவம் எடுத்திருந்தது. 1945 ஆம் ஆண்டு ஆகஸ்டில் ஹிரோஷிமா, நாகசாகி நகரங்கள் அணுகுண்டால் அழிந்தன. அதனினும் கொடிய குண்டுகள் இனி வரும் என்று அவ்வாண்டு நவம்பரிலேயே ரசல் பிரபுக்கள் சபையில் எச்சரித்தார். அவர் அஞ்சியவாறே நடந்தது. 1954 மார்ச்சு முதல் நாள் பசிபிக் கடலிலுள்ள பிகினித் தீவில் அமெரிக்கர் ஹைட்ரஜன் குண்டு ஒன்றை வெடித்துச் சோதித்தனர். நெடுந்தொலைவில் மீன் பிடித்துக்கொண்டிருந்த ஜப்பானியப் படகொன்றின் மீது நச்சுச் சாம்பல் பொழிந்தது. அதிலிருந்த 23 மீனவரும் நோயுற்றனர். ஒருவர் அவ்வாண்டே உயிர் துறந்தார். தனிமனிதன் எவ்வாறு வாழ வேண்டும் என்று கேட்டுவந்த தத்துவம், மனித இனம் வாழுமா என்று கேட்க வேண்டிய காலம் வந்துற்றது.

அவ்வாண்டு டிசம்பர் 23 ஆம் நாள், கிறிஸ்து பிறந்தநாள் விழாவிற்கு மக்கள் இல்லங்களில் கூடியிருந்த வேளையில், ரசல் வானொலியில் பேசினார். ஒரு நாட்டினராகவோ, ஒரு கட்சியினராகவோ நில்லாமல், மனித இனத்துள் ஒருவராக நின்று அவர் பேசினார். இனி ஒரு பெரும்போர் மூளுமாயின் வென்றோர் தோற்றோர் என்னும் வேறுபாடின்றி எல்லோரும் அழிவர் என்பதை எளிய சொற்களில் விளக்கினார். அதன்பின் அறிஞர் பலர் கையொப்பமிடும் அறிக்கையொன்றை எழுதி ஐன்ஸ்டைனுக்கு விடுத்தார். 1955 ஏப்ரலில் வானூர்தியிற் செல்லும்போது ஐன்ஸ்டைன் மறைந்த செய்தி கேட்டு மனமுடைந்தார். ஆனால், பாரிஸ் நகரை அடைந்தபோது, அறிக்கைக்கு உடன்பட்டு ஐன்ஸ்டைன் இறக்குமுன் எழுதிய மடல் அவருக்காகக் காத்திருந்தது. பதினோர் அறிஞர் ஒப்பமிட்ட அவ்வறிக்கை ஜூலை 9 ஆம் நாள் லண்டனில் வெளியிடப்பட்டது. அதன் பயனாக 1957 ஆம் ஆண்டு கனடா நாட்டுப் பக்வாஷ் என்னும் சிற்றூரில், பகை நாடுகளின் அறிவியலறிஞர் 22 பேர் ஒருங்கு கூடினர்.

வானொலி குரலை மட்டுமே கொண்டுசெல்லும். தொலைக்காட்சியோ முகத்தையும் காட்டும். 1952 ஆம் ஆண்டு, ரசலின் எண்பதாவது பிறந்தநாளையொட்டி, அமெரிக்கத் தொலைக்காட்சி அவருடைய உரையாடலை ஒளிபரப்பியது. 1959 மார்ச்சில் பி.பி.சி. தொலைக்காட்சியின் ‘நேருக்கு நேர்’ என்னும் நிகழ்ச்சியில் ஜான் பிரீமன் என்பார் அவரை வினவினார். அந்நிகழ்ச்சியில் வினவுவோரின் முகத்தைக் காண்பது அரிது. விருந்தினரின் முகத்தையே ஒளிப்படக் கருவி அணுகி நின்று காட்டும். நரைத்த தலையும் கூரிய மூக்கும் சுருக்கம் விழுந்த முகமும் உடைய 86 வயது முதியவர், தம் இளமைத் தனிமையையும், யூக்லிடைக் கற்ற நாளையும், சிறை வாழ்வையும் நாட்டு மக்கள் முன் ஒளிவின்றி எடுத்துரைத்தார்.

கடினமான வினாவொன்றும் அங்கே எழுந்தது. அணுகுண்டு அமெரிக்காவிடம் மட்டுமே இருந்த காலத்தில், சோவியத்து நாடு உடன்படாவிடில் அதன்மீது போர் தொடுப்பதாக அச்சுறுத்த வேண்டும் என்று ரசல் கூறியதுண்டு. இடையில் தாம் அவ்வாறு கூறவில்லையென மறுத்ததும் உண்டு. அமைதிக்காகப் பாடுபடும் ஒருவருக்கு இது இழுக்கன்றோ? இலட்சக்கணக்கானோர் காண, இதுபற்றிப் பிரீமன் வினவினார். ரசல் மழுப்பவில்லை; அவ்வாறு கூறியது மெய்யே என்று ஒப்புக்கொண்டு, அதற்காக வருந்தவில்லை என்றும், தம் காரணம் இன்னதென்றும் கூறினார். அவர் கூறிய காரணத்தை ஏற்காதோர் அன்றும் இருந்தனர், இன்றும் உளர். ஆனால், காண்போர் தாமே எடைபோட்டு முடிவு செய்யுமாறு செய்தியை அவர்கள்முன் வைத்தது பாராட்டத்தக்கது. ஆயிரம் ஆண்டுகளுக்குப்பின் வாழ்வோர்க்கு யாது கூறுவீர் என்று இறுதியில் கேட்டபோது, அறிவிற்கு ஒன்றும் அறத்திற்கு ஒன்றுமாக இரண்டு கூறினார். விரும்பியதை நம்பாமல் உண்மையையே நாடல் வேண்டும் என்பது ஒன்று. பகைமை அறியாமை, அன்பே அறிவுடைமை என்பது மற்றொன்று.

அவ்வாண்டே உட்ரோ வியாட் என்பாருடன் அவர் நிகழ்த்திய பதின்மூன்று தொலைக்காட்சி உரையாடல்கள் படமாக்கப்பட்டன. தத்துவம் என்றால் என்ன என்பதில் அத்தொடர் தொடங்கும். மனித இனத்தின் எதிர்காலம் யாது என்பதில் முடியும். உடல்நலம், வறுமையின்மை, இனிய உறவு, செய்தொழிலில் வெற்றி ஆகியவற்றை இன்பத்தின் உறுப்புகளாக அவர் எண்ணிக் காட்டினார். மனிதர் அறிந்ததாகக் கருதுவனவற்றுள் பெரும்பகுதி உறுதியற்றது என உணர்த்தி அடக்கத்தைக் கற்பிப்பதே தத்துவத்தின் பயன்களுள் ஒன்று என்றும் விளக்கினார். ஒவ்வோர் உரையாடலும் கால் மணி நேரத்திற்குள் அடங்கும். கலைச்சொற்களின் சுமை அவற்றில் இல்லை.

பேசியதோடு அவர் நின்றுவிடவில்லை. அணுப்படைக்கலங்களை எதிர்த்து மக்கள் நடத்திய மறியலில் கலந்துகொண்டார். 1961 செப்டம்பரில், 89 ஆம் வயதில், அவரும் மனைவியாரும் நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டனர். இனி அவ்வாறு நடப்பதில்லையென உறுதி தருமாறு கேட்டபோது அவர் மறுத்தார். மருத்துவர் சான்றினால் தண்டனை ஒரு வாரமாகக் குறைக்கப்பட்டது. 43 ஆண்டுகளுக்கு முன் அவரை அடைத்துவைத்த அதே பிரிக்ஸ்டன் சிறை மீண்டும் அவரை வரவேற்றது.

1970 பிப்ரவரி 2 ஆம் நாள், வேல்ஸ் நாட்டில் தம் இல்லத்தில், 97 ஆம் வயதில் ரசல் காலமானார். சடங்குகள் எவையும் நிகழவில்லை. அவருடைய சாம்பல் வேல்ஸ் நாட்டு மலைகளில் தூவப்பட்டது. அவர் வித்திட்ட பக்வாஷ் இயக்கமும், அவருடன் அறிக்கையில் ஒப்பமிட்ட ராட்பிளாட் என்னும் அறிவியலறிஞரும் 1995 ஆம் ஆண்டு அமைதிக்கான நோபல் பரிசைப் பெற்றனர்.

ரசலின் முடிவுகள் அனைத்தையும் உலகம் ஏற்கவில்லை. ஏற்க வேண்டும் என்று அவரும் எதிர்பார்க்கவில்லை. சிறுவராயிருந்தபோது, மெய்ப்பிக்காத ஒன்றை ஏற்க மறுத்தவர் அவர். பிறரும் அவ்வாறே தம் கூற்றை ஆராய வேண்டும் என்று விரும்பினார். இளமையில் கிரேக்க எழுத்துகளுக்குள் ஒளித்துவைத்த வினாக்களை முதுமையில் உலகறியக் கேட்டார். விடை காணும் பொறுப்பை அறிஞருக்கு மட்டும் விட்டுவிடாமல், உழவருக்கும் தொழிலாளருக்கும் இல்லத்தரசியருக்கும் மாணவருக்கும் பகிர்ந்தளித்தார். எவ்வாறு வாழ்வது என்னும் வினா எல்லோருக்கும் உரியது. ஆதலின் அதனை எண்ணிப்பார்க்கும் கடமையும் எல்லோருக்கும் உரியதே.